தானா அழிஞ்சிருச்சு

திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே, ஒரு ஸ்வீட் கடைக்கு மேல்மாடியில், ஜெசிந்தா செல்போன் சர்வீஸ் கடை நடத்தி வந்தார். வயது முப்பத்தொன்று. அவரிடம் தொழில் படிக்க வந்த ஒரே சீடருக்கு வயது ஐம்பத்தாறு.

சீடரின் பெயர் சௌந்தரபாண்டியன். நூல் மில்லில் இருபத்தெட்டு வருஷம் எலக்ட்ரீசியனாக இருந்தவர். மில்லை மூடியதும் வீட்டில் சும்மா உட்காரப் பிடிக்காமல் இங்கே வந்து சேர்ந்தார். சொல்லிக் கொடுப்பவர் எவரானாலும் டீச்சர்தான் என்பது அவர் கொள்கை. முதல் நாளே டீச்சர் என்று கூப்பிட்டார். ஜெசிந்தா அவரை அண்ணே என்றார். ஒரு வருஷமாக இரண்டு பேரும் அதை மாற்றிக்கொள்ளவில்லை.

போர்டில் ஈயம் வைத்துப் பற்றவைப்பதில் சௌந்தரபாண்டியனின் கை சுத்தம். ஆப் என்றால்தான் தகராறு. மில்லில் மோட்டார் நின்றால் ஃபியூஸைப் பிடுங்கித் திரும்பச் சொருகுவார், பாதி மோட்டார் ஓடிவிடும். அதே வைத்தியத்தைப் போனுக்கும் கொண்டுவந்திருந்தார். எந்த ஆப் மக்கர் பண்ணினாலும் எடுத்துவிட்டுத் திரும்பப் போடுவார். பத்துக்கு எட்டு சரியாகிவிடும். அந்த எட்டுதான் அவரைக் கெடுத்தது.

ஒரு வியாழக்கிழமை காலை பத்து மணிக்குச் சிட்டம்மாள் மாடியேறி வந்தார்.

சிட்டம்மாள் பள்ளிக்கூட வேனில் ஆயா. இரண்டு வருஷத்துக்கு முன்னால் தொண்டையில் ஆபரேஷன் நடந்து குரல் போய்விட்டது. அன்றிலிருந்து அவருக்குப் பதிலாக அவர் போன் பேசுகிறது. அதில் ஒரு பேசும் ஆப். தனக்கு வேண்டிய வாக்கியங்களை அதில் பொத்தான் பொத்தானாகச் சேர்த்து வைத்திருந்தார். ஒரு பொத்தானை அழுத்தினால் "கவின், இறங்கு" என்று ஒரு பெண் குரல் சொல்லும், ரேடியோவில் செய்தி வாசிக்கிற சுத்தத்தோடு. பிள்ளைகள் அந்தக் குரலுக்கு வேன் அக்கா என்று பெயர் வைத்திருந்தார்கள்.

போனை மேஜையில் வைத்து ஒரு பொத்தானை அழுத்தினார்.

"ஸ்கூல்ல புது ஆப் போடச் சொல்லிட்டாங்க. பிள்ளைங்க ஏறினதும் அதுல டிக் அடிக்கணும். இந்தப் போன்ல ஏற மாட்டேங்குது," என்றது போன். வீட்டிலேயே டைப் பண்ணிக் கொண்டுவந்த வாக்கியம்.

டீச்சர் பார்ட்ஸ் வாங்க வெளியே போயிருந்தார். சௌந்தரபாண்டியன் போனை வாங்கித் திருப்பிப் பார்த்தார். எட்டு வருஷத்துப் போன். ஒரு மூலையில் கண்ணாடி விரிசல் விட்டிருந்தது.

"ரெண்டு மணிக்கு வாங்கம்மா. முடிச்சு வச்சிருக்கேன்," என்றார், கடையே தன்னுடையது போல.

சிட்டம்மாள் நிதானமாக டைப் பண்ணினார். "மூணு மணிக்கு வேன் எடுக்கணும். போன் இல்லாம நான் ஏற முடியாது."

"மூணு மணிக்கு உங்க கையில பேசிக்கிட்டு இருக்கும்."

சிட்டம்மாள் தலையாட்டிவிட்டு, குரலை மேஜைமேல் விட்டுவிட்டு, படியிறங்கிப் போனார்.

சௌந்தரபாண்டியன் வேலையை ஆரம்பித்தார். பள்ளிக்கூட ஆப்பைத் தேடி அழுத்தினார். இந்த ஆப் உங்கள் போனுக்கு ஒத்துப்போகாது என்று வந்தது. சரி, போனின் மென்பொருளைப் புதுப்பித்துவிடலாம் என்று அங்கே போனார். உங்கள் போன் இருப்பதிலேயே புதிய மென்பொருளில் ஓடுகிறது என்று அது கூசாமல் சொன்னது. கீழே எட்டு வருஷத்துக்கு முந்தைய தேதி.

இடம் போதவில்லையோ என்று குப்பைகளைத் தள்ளிப் பார்த்தார். ஏறவில்லை. அணைத்துப் போட்டுப் பார்த்தார். அப்போதும் ஏறவில்லை. நேரம் பதினொன்றரை. டீச்சர் வருவதற்குள் முடித்துவிட வேண்டும் என்று அவருக்கு ஒரு வேகம் இருந்தது. பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு சின்ன இடம் வாடகைக்கு வருவதாகக் கேள்விப்பட்டிருந்தார். தனியாகக் கடை போடலாமா என்று டீச்சரிடம் கேட்க நல்ல சமயம் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போதுதான் பேசும் ஆப் கண்ணில் பட்டது. அதுவும் பழைய பதிப்பு. போனுக்குள் எல்லாமே பழசாகக் கிடந்தால் புதுசு எப்படி ஏறும் என்று தோன்றியது. இதை எடுத்துவிட்டுப் புதுசாகப் போட்டால் எல்லாம் ஒரு ஒழுங்குக்கு வரும் என்று நினைத்தார். விரல் வழக்கம்போல் நீண்டது. எடுத்தார்.

திரும்பப் போடப் போனார். இந்த ஆப் உங்கள் போனுக்கு ஒத்துப்போகாது.

மூன்று தரம் அழுத்தினார். மூன்று தரமும் அதே பதில். பழைய போனுக்கான பதிப்பை பிளே ஸ்டோரில் வைப்பதை ஆப் கம்பெனிக்காரர்கள் எப்போதோ நிறுத்திவிட்டிருந்தார்கள். போனில் இருந்தது மட்டும்தான் மிச்சம், அதையும் அவரே எடுத்துவிட்டார்.

டீச்சர் பன்னிரண்டரைக்கு வந்தார். சௌந்தரபாண்டியன் எழுந்து நின்றார்.

"டீச்சர், சிட்டம்மா போன்ல அந்தப் பேசுற ஆப் அழிஞ்சிருச்சு."

டீச்சர் பையை இறக்கி வைத்தார்.

"தானாவா?"

"பழைய போன் பாருங்க."

"தானா அழிஞ்சிருச்சா, அண்ணே?"

இந்தத் தொழிலில் எல்லாம் தானாகத்தான் நடக்கும். டிஸ்ப்ளே போயிரும், போர்டு போயிரும், போட்டோ எல்லாம் அழிஞ்சிரும். போக்கியவர், அழித்தவர் என்று ஒரு ஆளும் சிக்க மாட்டார். தமிழும் அதற்குத் தோதாகத்தான் இருக்கிறது. அழிஞ்சது என்றால் அந்த இடத்தில் யாரும் இல்லை. நடுவில் ஒரு எழுத்தை மாற்றி அழிச்சது என்றால் உடனே ஒருவர் வந்து நிற்க வேண்டும்.

சௌந்தரபாண்டியன் மென்று முழுங்கினார்.

"நான்தான் எடுத்தேன். எடுத்துட்டுப் போடலாம்னு பார்த்தேன்."

"ஓடிக்கிட்டுதானே இருந்துச்சு?"

"நல்லாத்தான் ஓடிக்கிட்டு இருந்துச்சு."

"அப்புறம் எதுக்கு எடுத்தீங்க?"

சௌந்தரபாண்டியன் கடிகாரத்தைப் பார்த்தார். டீச்சரும் பதிலுக்குக் காத்திருக்கவில்லை.

"ரெண்டு மணிக்கு அந்தம்மா வந்துருவாங்க. என்ன சொல்றது டீச்சர்?" என்றார் அவர்.

டீச்சர் காதில் அது விழுந்ததா என்று தெரியவில்லை. மேஜை டிராயரிலிருந்து ஒரு பிளாஸ்டிக் டப்பாவை எடுத்தார். உள்ளே மெமரி கார்டுகள். ரிப்பேருக்கு வரும் பழைய போன்களிலிருந்து ஆப் கோப்புகளைப் பிரதி எடுத்து வருஷ வாரியாகச் சேர்த்து வைத்திருந்தார். அந்த டப்பாவை ஒரு வருஷமாகப் பார்த்துக்கொண்டிருந்தும் சௌந்தரபாண்டியன் அது என்னவென்று கேட்டதில்லை.

முதல் கோப்பு ஏறவில்லை. இரண்டாவது ஏறியது, திறந்தவுடன் மூடிக்கொண்டது. பிள்ளைகளை ஏற்றி இறக்குகிற பெண்மணி பேச்சில்லாமல் போய் நின்றால் பள்ளிக்கூடத்தில் வேலைக்கு வைத்துக்கொள்வார்களா என்று சௌந்தரபாண்டியன் கணக்குப் போட்டுப் பார்த்தார். வைத்துக்கொள்ள மாட்டார்கள்.

"புதுப்போன் ஒண்ணு நாம வாங்கிக் கொடுத்துரலாமா டீச்சர்?"

"மூணு மணிக்குள்ளயா?"

மூன்றாவது கோப்பு ஏறியது, திறந்தது, அப்படியே நின்றது. டீச்சர் அதில் ஒரு வார்த்தையை அடித்து அழுத்தினார். "வணக்கம்" என்றது வேன் அக்காவின் குரல்.

சௌந்தரபாண்டியனுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

"குரல் போன்லயேதான் இருந்துச்சு. அதைக் கூப்பிடத்தான் ஆப்னு ஒரு ஆள் இல்லாம இருந்துச்சு," என்றார் டீச்சர். பிறகு பள்ளிக்கூட ஆப்பைத் தேடாமல் பிரவுசரைத் திறந்தார். அதே டிக் அடிக்கிற பக்கம் பள்ளிக்கூட இணையதளத்திலும் இருந்தது. மெதுவாக வந்தது, ஆனாலும் வந்தது. அதை முகப்பில் எடுத்து வைத்துவிட்டுப் போனைச் சீடரிடம் நீட்டினார்.

ஆப்பைத் திறந்து பார்த்த சௌந்தரபாண்டியனுக்கு மறுபடி முகம் தொங்கியது. உள்ளே ஒரு பொத்தான்கூட இல்லை. சிட்டம்மாள் இரண்டு வருஷமாகச் சேர்த்த வாக்கியங்கள் அத்தனையும் போயிருந்தன.

"இதெல்லாம் எங்க டீச்சர் கிடைக்கும்?"

"அவங்ககிட்டதான்."

டீச்சர் லென்ஸை இழுத்து, வேறொரு போனின் போர்டின்மேல் குனிந்துகொண்டார்.

சிட்டம்மாள் இரண்டு மணிக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போதே வந்துவிட்டார். போனை வாங்கி, கண்ணால் பார்க்காமலே, வழக்கமான இடத்தில் அழுத்தினார். போன் ஒன்றும் பேசவில்லை. இன்னொரு தரம் அழுத்தினார். அப்புறம் குனிந்து பார்த்தார்.

"அம்மா, பழைய போன்ங்கிறதால நீங்க சேர்த்து வச்சதெல்லாம் அழிஞ்சிருச்சு. ஆப் நல்லா இருக்கு. நான் புதுசா அடிச்சுக் கொடுத்துர்றேன்," என்றார் சௌந்தரபாண்டியன், மூச்சு விடாமல்.

டீச்சர் நிமிரவில்லை.

சிட்டம்மாள் போனை நம்பாமல் மேஜையில் வைத்துவிட்டு, அங்கிருந்த பில் புத்தகத்தைத் திருப்பி, பின்பக்கத்தில் பேனாவால் எழுதிக் காட்டினார். *காலைல நான் ஏதும் தப்பா அமுக்கிட்டேனா?*

"அதெல்லாம் இல்லம்மா. சில போன்ல அப்படி ஆயிரும்."

*பஸ்ல வர்றப்ப பைக்குள்ள அமுங்கியிருக்கும். போன வாரம்கூட தானா யாருக்கோ கால் போச்சு.*

சௌந்தரபாண்டியன் இல்லை என்று சொல்ல வாய் எடுத்தார். நேரமாகிறதே என்று பேனாவைக் காட்டினார். "பேரெல்லாம் எழுதுங்கம்மா, அடிச்சுர்றேன்."

சிட்டம்மாள் எழுத எழுத, அவர் அடித்தார். பத்தொன்பது பிள்ளைகள், ஏறுகிற வரிசையில். யாழினி, அஃப்சல், ஸ்டெஃபி, கவின். கவினுக்கு மட்டும் இரண்டு பொத்தான். ஒன்று இறங்குவதற்கு. இன்னொன்று, *கவின், கையை உள்ள எடு*. அப்புறம், *கதவைச் சாத்துறேன், தள்ளி உக்காரு*. அப்புறம், *உங்கம்மா வர்ற வரைக்கும் நான் இங்கேயே நிப்பேன்*. மில் கம்பிகளைப் பிடித்த விரல்கள் சின்ன எழுத்துகளில் தடுமாறின. ஒவ்வொன்றையும் அழுத்திப் பார்த்துவிட்டு அடுத்ததற்குப் போனார். கடையில் வேன் அக்காவின் குரல் ஒவ்வொரு பிள்ளையாகக் கூப்பிட்டது. தான் எடுத்தது என்னவென்று அப்போதுதான் அவருக்கு ஒவ்வொன்றாகத் தெரிந்தது, மனசு தாங்கவில்லை.

கடைசியாகச் சிட்டம்மாள் எழுதியது: *மன்னிச்சுக்கங்க. தப்பு என் மேலதான்.*

"இது எதுக்கும்மா?"

*வேன் லேட்டானா பெத்தவங்க சத்தம் போடுவாங்க.*

"லேட் பண்றது டிரைவர்தானே?"

சிட்டம்மாள் யோசிக்காமல் எழுதினார். *யாராவது ஒருத்தர் சொல்லணும்ல.*

சௌந்தரபாண்டியன் அதை அடித்துக் கொடுத்தார். இந்த ஒன்றை மட்டும் அவர் அழுத்திப் பார்க்கவில்லை. நேரம் இரண்டே முக்கால்.

சிட்டம்மாள் எழுந்தார். பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். எவ்வளவு என்று விரலைத் தேய்த்துக் காட்டினார். ஒன்றும் வேண்டாம் என்று சௌந்தரபாண்டியன் அவசரமாகக் கையை ஆட்டினார். அந்த அம்மாளுக்கு அது சங்கடமாக இருந்தது. இவ்வளவு நேரம் ஒரு வயசான மனுஷரை உட்கார வைத்து வேலை வாங்கிவிட்டோம் என்ற நினைப்பு முகத்திலேயே தெரிந்தது. வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு, போனை அவர் பக்கமாக நீட்டி, கடைசிப் பொத்தானை அழுத்தினார்.

"மன்னிச்சுக்கங்க. தப்பு என் மேலதான்," என்றது வேன் அக்காவின் குரல், ஒரு எழுத்துக்கூடப் பிசகாமல்.

கைகூப்பிவிட்டுப் படியிறங்கினார்.

சௌந்தரபாண்டியன் நின்ற இடத்திலேயே நின்றார். காது சுட்டது. யாரிடமோ சொல்வது போலச் சொன்னார்.

"பாவம் டீச்சர். தன்னோட தப்புன்னே நினைச்சுக்கிட்டுப் போறாங்க."

டீச்சர் லென்ஸைத் தள்ளிவிட்டு அவரைப் பார்த்தார்.

"இன்னும் படியிலதான் இருக்காங்க, அண்ணே."