ஊசித்துளையில் மெழுகு

"ஒரு நாழிகை பத்தலைம்மா" என்றார் பூவராகன்.

"எதுக்குப் பத்தலை?"

"தம்பியைப் பிடிக்க. நான் ஓடிப் போய்ச் சேர்றதுக்குள்ள அவன் பஸ் ஏறிடறான். அதோட வட்டிலும் முங்கிடுது."

குரு மங்களவல்லிக்கு நாற்பது வயது. சீடர் பூவராகனுக்கு அறுபத்தொன்று. மலையடிவாரத்து மடத்தில் மூன்றாவது ஆள் கிடையாது. அங்கே கற்றுத்தருகிற வித்தை அப்படி, கேட்டவன் பாதி வழியிலேயே திரும்பிவிடுவான்.

வித்தை இதுதான். அடியில் ஊசித்துளை போட்ட செம்பு வட்டிலை அண்டாத் தண்ணீரில் மிதக்க விட வேண்டும். எதிரே உட்கார்ந்து, மூச்சை முன்னூற்று அறுபதிலிருந்து பின்னோக்கி எண்ண வேண்டும். உடம்பு இங்கேயே இருக்கும். ஆள், நினைத்த பழைய நாளுக்குப் போய்விடுவார். வட்டில் நிறைந்து முங்க ஒரு நாழிகை ஆகும். முங்கியதும் திரும்பிவிடுவார்.

பூவராகன் போனது ஒன்பது வருஷத்துக்கு முந்தைய நாளுக்கு. அப்பாவின் கருமாதி. பந்தியில் தம்பி சாரங்கன் உட்கார்ந்திருந்தான்.

"படுக்கையில கிடந்தப்போ எட்டிப் பார்க்காதவன், சோறு திங்க மட்டும் வந்துட்டியா?" என்று பூவராகன் நாலு பேர் முன்னால் கேட்டுவிட்டார்.

தம்பி பிசைந்த சோற்றை அப்படியே விட்டு எழுந்து போனான். இலையில் உட்கார்ந்தவனை எழுப்பி அனுப்புவதா? வாய் நாசமாய்ப் போக. அன்றிலிருந்து பூவராகனுக்கு எதைத் தின்றாலும் மண்ணாகத்தான் இருந்தது.

"அந்த வார்த்தையைச் சொல்றதுக்கு முன்னாடியே போய் இறங்க முடியாதாம்மா?"

"முடியாது. தப்பு நடந்த பிறகுதான் வட்டில் இறக்கிவிடும்."

"அப்போ துளையைச் சின்னதாப் போட்டுக்கலாமே."

"கூடாது. ஒரு நாழிகைக்கு மேல அங்கே இருந்தா, இங்கே இருக்கிறவங்க உங்களை மறக்க ஆரம்பிப்பாங்க."

"முதல்ல யாரு மறப்பாங்க?"

"உங்களை அதிகம் நினைக்காதவங்க. அநேகமா நான்தான்."

"கடைசியா?"

குரு அலமாரியிலிருந்து ஒரு வட்டிலை எடுத்துக் காட்டினார். அதில் ஒரு பெயர் கீறியிருந்தது. தில்லைநாயகி.

"யாரும்மா இது?"

"தெரியலை. எழுத்து என் எழுத்துதான்."

இதைப் பார்த்த பிறகாவது மனுஷனுக்குப் புத்தி வர வேண்டாமா? வரவில்லை.

பூவராகனுக்கு இன்னொரு பழக்கமும் உண்டு. மூன்று தரம் தொண்டையைச் செருமாமல் பேச்சு வராது. மூச்சு எண்ணும்போதும் செருமுவார். "எந்தக் காலத்துக்குப் போனாலும் உங்க தொண்டைதான் முன்னாடி போய்ச் சேரும்" என்று குரு கேலி செய்வார்.

மறுநாள் காலை குரு கீரை பறிக்கப் போனார். பூவராகன் துளையில் கொஞ்சம் தேன்மெழுகை வைத்துத் தேய்த்தார். பாதித் துளையை அடைப்பதுதான் அவர் கணக்கு. ஊசித்துளையில் பாதி ஏது? முழுசாக அடைபட்டுவிட்டது.

குரு கீரையோடு திரும்பி வந்தார். அண்டா முன்னால் யாரோ ஒரு பெரியவர் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். வட்டில் உள்ளே ஈரமே இல்லாமல் மிதந்துகொண்டிருந்தது.

யாராக இருக்கும் என்று குரு யோசித்தார். ஒன்றும் பிடிபடவில்லை. யாராக இருந்தால் என்ன, போன ஆள் திரும்ப வேண்டும். வட்டிலைக் கையால் அமுக்கினார்.

பூவராகன் கண் விழித்தார்.

"கெடுத்துட்டீங்களேம்மா. தம்பியை இழுத்துட்டு வந்து உட்கார வச்சிட்டேன். இலை போட்டாச்சு. சோறு வைக்கக் கரண்டியை எடுத்தேன்."

"சாப்பிட்டாரா?"

"இல்லை."

"அப்போ எதுவும் மாறலை" என்றார் குரு. "நீங்க யாரு ஐயா?"

பூவராகனுக்குப் புரிந்துவிட்டது. குரு மறந்தாயிற்று. இன்னும் யார் யார்? தெரு, சொந்தபந்தம், எல்லாம் போகட்டும். தம்பியும் மறந்திருந்தால்? பிறகு யாரிடம் போய் மன்னிப்புக் கேட்பது?

அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னார். மெழுகையும் மறைக்கவில்லை.

குரு கேட்டுக்கொண்டார். "அந்தத் தம்பி இப்போ இருக்காரா?"

"பெண்ணாடத்துல சைக்கிள் கடை வச்சிருக்கான்."

"போன் நம்பர் தெரியுமா?"

"மனப்பாடமாத் தெரியும். ஒரு தடவைகூடப் போட்டதில்லை. என்ன மூஞ்சியை வச்சுக்கிட்டுப் பேசுறது?"

குரு அடுக்களைக்குள் போய், உப்பு ஜாடிப் பக்கத்தில் கிடந்த போனை எடுத்து வந்தார். பூவராகன் சொல்லச் சொல்ல எண்ணை அழுத்தி, அவர் கையில் கொடுத்துவிட்டுக் கீரை ஆய உட்கார்ந்தார்.

"யாரு?" என்றது அந்தப் பக்கம்.

பெயரைச் சொன்னதும் தம்பி எந்தப் பூவராகன் என்று கேட்டுவிட்டால்?

பூவராகன் தொண்டையைச் செருமினார்.

"யாருங்க, பேசுங்க."

இன்னொரு தரம் செருமினார்.

"வேலையா இருக்கேன். யாருன்னு சொல்லுங்க."

மூன்றாம் தரமும் செருமினார்.

அந்தப் பக்கம் ஏதோ இரும்புச் சாமான் தரையில் விழுந்தது.

"அண்ணே," என்றான் சாரங்கன். "சாப்டீங்களா?"

"இல்லடா" என்றார் பூவராகன். "அங்கேதான் வர்றேன். இலை போடு."