பெரண்டினேட்டும் அடிபம்பும்

எங்க ஊர் அடிபம்பு கெட்டு மாசக்கணக்காச்சு. அதைச் சரிபண்ணச் சொல்லி, இடுப்புப் பிள்ளையோடு யூனியன் ஆபீசுக்கு நடந்து நடந்து பூமயிலுக்குக் காலே ஓய்ந்துபோச்சு. அதிகாரி சிகாமணிக்கோ இங்கிலீஷ் பெருமை.

"பெரண்டினேட்னு ஒரு வினைச்சொல் இருக்கு. அர்த்தம் சொல்லும்மா, இப்பவே கையெழுத்துப் போடுறேன்."

பூமயில் பெருமூச்சு விட்டாள். "அந்த வேலையை நீங்க செய்வீங்களா சார்?"

"தினமும் செய்றேனே!" குமாஸ்தாவைப் பார்த்துக் கண்ணடித்தார்.

"அப்ப தெரிஞ்சுபோச்சு. தினமும் நீங்க செய்யுற வேலை ஒண்ணே ஒண்ணுதான். எதையும் நாளன்னிக்குன்னு தள்ளிப்போடுறது."

காத்திருந்த கூட்டம் சிரித்தது. சிகாமணி முகம் செத்துப்போச்சு. அகராதியிலும் அர்த்தம் அதுதான். கையெழுத்துப் போட்டார்.

"ரிப்பேருக்கு ஆள் எப்ப சார் வரும்?"

"நாளன்..." என்று ஆரம்பித்தவர் கூட்டத்தைப் பார்த்தார். "இன்னிக்கே வரும், தாயி."