அம்மன் நடத்திய படை

முன்னொரு காலத்தில், ஆற்றுக்கு இக்கரையில் ஆண்ட விசயகேது என்ற ராஜாவுக்கு ஒரு பானைப் பஞ்சாமிர்தத்தால் யுத்த ஆசை பிறந்தது.

அம்மன் திருவிழா முடிந்ததும் ராஜா நல்ல மனதோடுதான் அக்கரை ராஜாவுக்குப் பிரசாதம் அனுப்பினார். அக்கரையார் அருகனைத் தொழும் சமணர்கள். அந்த ராஜா பானையை இரு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, அப்படியே திருப்பி அனுப்பிவிட்டார்.

"அம்மன் பிரசாதத்தையே திருப்பிவிட்டான் அரசே. இனி நம் எல்லைக்கு என்ன மரியாதை?" என்றான் தளபதி இடும்பராயன்.

சபையில் விகடகவி தோணியப்பன்தான் எழுந்தான்.

"மகாராஜா, பஞ்சாமிர்தத்தில் தேன் இருக்கிறது. தேன் எடுத்தால் தேனீ சாகும் என்று அவர்கள் அதைத் தொடுவதில்லை. சாப்பிட்டால் அவர் சாமிக்குக் குற்றம், கொட்டினால் நம் சாமிக்குக் குற்றம். அந்த மனுஷர் வேறு என்னதான் செய்வார்?"

ராஜாவின் முகம் கொஞ்சம் இளகியது. இடும்பராயனுக்கு வயிறு எரிந்தது. தான் பத்து வார்த்தை பேசிச் சூடேற்றியதை இந்தக் கோமாளி ஒரே வார்த்தையில் ஆற்றிவிடுவது அவனுக்குப் புதிதல்ல.

"ஓய் தோணியப்பரே, அக்கரை அடுப்படி வரை தெரிந்து வைத்திருக்கிறீரே. சம்பந்தி வீட்டு உப்பு அப்படிப் பேசவைக்கிறதோ?"

நாலைந்து பேர் சிரித்தார்கள். தோணியப்பனின் ஒரே மகள் நாச்சி, அக்கரைத் துறையை ஒட்டிய ஊரில் வாழ்க்கைப்பட்டிருந்தாள். இப்போது நிறைமாதம்.

இடும்பராயன் ராஜாவின் பக்கம் திரும்பினான். "அரசே, அம்மன் என் கனவில் வந்தாள். படைக்கு நானே தலைமை தாங்குகிறேன் என்றாள். அக்கரை மண்ணில் முதல் தீயைத் தோணியப்பர் கையால் வைக்கச் சொன்னாள். துறையை ஒட்டிய ஊரில்."

ராஜா கன்னத்தில் போட்டுக்கொண்டார். "அம்மனே சொன்ன பிறகு யோசிக்க என்ன இருக்கிறது? வைப்பாயா தோணியப்பா?"

மாட்டேன் என்றால் ராஜத் துரோகம். தன் தலையும் போகும், போரும் நிற்காது. தோணியப்பன் கைகூப்பிச் சொன்னான்:

"வைக்கிறேன் மகாராஜா. ஆனால் அம்மன் தலைமை என்று தளபதியே சொல்லிவிட்டார். அதை முரசறைந்து ஆணையாக்க வேண்டும். அம்மனுக்கு முன்னால் ஒருவரும் ஓரடி வைக்கக் கூடாது. அம்மன் உத்தரவில்லாமல் ஒரு வாளும் உறையை விட்டு வரக் கூடாது. மீறினால் தலை."

"இதைக் கேட்கவும் வேண்டுமா?" என்றார் ராஜா. இடும்பராயனும் தலையாட்டினான். தன் வாயால் சொன்ன கனவை எப்படி மறுப்பான்?

முரசு முழங்கியது. அம்மன் பல்லக்கில் முன்னே போக, யானையும் குதிரையும் காலாளும் பின்னே கிளம்பின. தோணியப்பன் கையில் எரியும் தீப்பந்தம்.

முதல் ஊர் வாசலிலேயே படை நின்றது. பெண்கள் தேங்காய் பழத் தட்டோடு வழியில் நின்றார்கள். அபிஷேகம், அலங்காரம், தீபாராதனை எல்லாம் நிதானமாக நடந்தன.

"என்ன தாமதம்? போகச் சொல்லும்," என்று கத்தினான் தளபதி.

"தட்டு வைத்த இடத்தில் நிற்காமல் நம் அம்மன் என்றைக்குப் போயிருக்கிறாள்? நம் சேனாதிபதி அவள்தானே, அவளே நிற்கிறாள். நாம் எப்படி நடப்பது?" என்றான் தோணியப்பன்.

"சுற்றிக்கொண்டு முன்னால் போவோம்."

"போகலாம். தலையை இங்கேயே வைத்துவிட்டுப் போக வேண்டும், அவ்வளவுதான்."

ராஜா தளபதியை ஒரு பார்வை பார்த்தார். தளபதி குதிரையை இழுத்துப் பிடித்தான்.

வழி நெடுக இதே கதைதான். ஊருக்கு ஊர் தட்டு, ஊருக்கு ஊர் மண்டகப்படி. யானைகள் கரும்புக் கொல்லைகளைப் பார்த்து நின்றன. வீரர்கள் சுண்டலுக்குக் கை நீட்டினார்கள். ஆனால் தோணியப்பன் வாயில் ஒரு கடலை இறங்கவில்லை. எவ்வளவு நின்றாலும் ஆறு கிட்டே வந்துகொண்டுதான் இருந்தது. தாமதம் வேறு, தடுப்பது வேறு என்பது அவனுக்குத் தெரியாதா?

கடைசியில் துறை வந்தது. அக்கரையில் வில்லாளிகள் வரிசையாக நாண் ஏற்றி நின்றார்கள். நடுவில் அக்கரை ராஜா. அவர்களுக்குப் பின்னால் கூரை வீடுகள். அதில் மூன்றாவது வீடு நாச்சியுடையது.

ஆணைப்படி அம்மன் தெப்பம் முதலில் போனது. அதில் பல்லக்கு, குருக்கள், பந்தத்தோடு தோணியப்பன். பின் தெப்பத்தில் ராஜாவும் தளபதியும். "பந்தத்தை உயர்த்தும் ஓய்," என்று பின்னாலிருந்து தளபதியின் குரல் வந்தது.

தோணியப்பன் உயர்த்தினான். எதிரே அத்தனை வில்லும் அவன் மார்பைக் குறி பார்த்தன. கரைக்குக் கேட்கும்படி உரக்கச் சொன்னான்:

"அக்கரை மகாராஜாவே, எங்கள் ஊர் அம்மன் உங்கள் வாசலுக்கு வந்திருக்கிறாள். வந்தவளை அம்பால்தான் வரவேற்பீர்களா?"

அக்கரை ராஜா கையைத் தாழ்த்தினார். விற்கள் இறங்கின.

"நாங்கள் தொழுவது வேறு சாமி. ஆனால் வாசலுக்கு வந்தவளை நிற்க வைத்து எங்களுக்குப் பழக்கமில்லை. அவளுக்கு என்ன செய்ய வேண்டும்?"

"ஒரு தட்டு. தேங்காய், பழம், வெல்லம், கொஞ்சம் சூடம். தேன் வேண்டாம்."

தெப்பங்கள் கரை தொட்டன. தட்டு வந்தது. கரையில், அக்கரை மண்ணில் வைத்தார்கள். தோணியப்பன் குனிந்து தீப்பந்தத்தால் அந்தச் சூடத்தைக் கொளுத்தினான். குருக்கள் ஆரத்தி காட்டிவிட்டு, தட்டு வைத்தவருக்கு வழக்கமாகச் செய்வதைச் செய்தார். அம்மன் மேலிருந்த பட்டுத் துணியை எடுத்து அக்கரை ராஜாவின் தலையில் பரிவட்டம் கட்டினார்.

தெப்பத்திலிருந்து குதித்த இடும்பராயன் வாளில் கை வைத்தான். "இது வஞ்சகம். ஊருக்குத் தீ வைக்கச் சொன்னேன்."

"அக்கரை மண்ணில், துறையை ஒட்டிய ஊரில், முதல் தீ. என் கையால்தானே வைத்தேன்? இனி சேனாதிபதியான அம்மனைக் கேளும். எதிரி தந்ததை வாங்கிக்கொண்டு அவருக்குப் பரிவட்டமும் கட்டிவிட்டாள். அந்தத் தலையையா வெட்டப் போகிறீர்?"

வாள் பாதி வெளியே வந்திருந்தது. ராஜா மெல்லக் கேட்டார்: "தளபதி, அம்மன் உத்தரவு எங்கே?"

இடும்பராயனின் வாள் உறைக்குள் போனது. ஆனால் ராஜாவின் முகம் இன்னும் இறுகியே இருந்தது.

அப்போது வில்லாளிகளை விலக்கிக்கொண்டு, வயிற்றைத் தாங்கியபடி நாச்சி வந்தாள். ஆற்றில் நிறைந்திருந்த தெப்பங்களை ஒரு சுற்றுப் பார்த்தாள்.

"ஏம்ப்பா, வர்றதா இருந்தா ஒரு வார்த்தை சொல்லி அனுப்பக் கூடாதா? பூச்சி விழுந்து சாகும்னு இந்த ஊர்ல பொழுது சாஞ்சா யாரும் சாப்பிட மாட்டாங்க. இத்தனை பேருக்கு அதுக்குள்ள எங்க உலை வைக்கிறது?"

விசயகேது ராஜா முதலில் உதட்டைக் கடித்துக்கொண்டார். பிறகு முடியவில்லை. தெப்பம் ஆடும்படி சிரித்தார். அக்கரை ராஜாவும் சேர்ந்துகொண்டார். விசயகேது ராஜா தன் கழுத்து முத்துமாலையைக் கழற்றித் தோணியப்பனுக்குப் போட்டு, மகளின் பிரசவம் முடியும்வரை அங்கேயே இருந்து வரச் சொன்னார்.

இடும்பராயனுக்கும் உத்தரவு கிடைத்தது. பொழுது சாய்வதற்குள் இரண்டு படைக்கும் இலை போட வேண்டும். அவன் குனிந்து குனிந்து இலை போடுவதைப் பார்க்கப் பார்க்க, ராஜாவுக்குச் சிரிப்பு அடங்கவே இல்லை.