அங்காயி தூக்கிவந்த குதிரை

நெருங்கி உக்காருங்க. பின்னால இருக்கிறவங்களும் முன்னால வாங்க. இது கத்திச் சொல்ற கதை இல்லை.

முன்னொரு காலத்திலே, ஏழுகுளத்து நாட்டுக்கு ஒரு மந்திரவாதி வந்தான். முதுகிலே மூட்டை. மூட்டை நிறையப் பையும் குப்பியும். நனையாது, இத்துப்போகாது, மக்காது. இப்ப நாம பிளாஸ்டிக் என்கிறோமே, அதேதான்.

"சும்மா எடுத்துக்கோங்க. சோலி முடிஞ்சா வீசிடுங்க. கையை விட்டா, கண்ணை விட்டுடும்!" என்றான்.

அப்படியே ஆச்சு. வீசினவர் கண்ணுக்கு, வீசின குப்பை எதுவுமே தெரியாது. ஊர் பளிச்சென்று இருக்கிற மாதிரியே இருந்தது. ராஜாவே வீசினார், மற்றவர் வீசக் கேட்பானேன்?

வீசாதவள் ஒருத்திதான். குளத்து மடை திறக்கிற சோலையப்பன் மகள், அங்காயி. எது கிடைத்தாலும் பின்னிப் பார்ப்பாள், கோத்துப் பார்ப்பாள்.

அந்த வருஷம் குளம் நிறைந்திருந்தும் வயலுக்குத் தண்ணீர் பாயவில்லை. சோலையப்பன் மடை திறக்க முங்கினார், தண்ணீர் வரவில்லை. மறுபடி முங்கினார், வரவில்லை. மூன்றாவது முங்கில் எழுந்தவர், நேரே ராஜாவிடம் ஓடினார்.

"ராஜா, உள்ள ஏதோ வழுக்குது, கையைச் சுத்துது. கண்ணுக்குத் தெரியலை."

"பேய்க்கதையா விடுறே? மூணு நாள்ல தண்ணி வரணும். இல்லேன்னா உன் தலை இருக்காது!"

அங்காயி முங்கிப் பார்த்தாள். மடைவாய் பூராவும் பை. அவள் ஒரு கூடை அள்ளினாள், ஊர் பத்துக் கூடை வீசியது. மறுநாளும் அதே கதை.

"அள்ளினாத் தீராதுப்பா. இவங்களுக்குக் கண்ணு தெரிஞ்சாத்தான் தீரும்" என்றாள்.

மூன்றாம் நாள் புரவி எடுப்பு. ஐயனாருக்கு மண்குதிரை சுமந்து வருகிற திருவிழா. கோயில் வாசலில், மண்குதிரை செய்கிற வேளார் மை தொட்டு எழுதினால்தான் குதிரைக்குக் கண் திறக்கும். அங்காயி பைகளை முறுக்கி, குப்பிகளைக் கோத்து, ஆளுயரக் குதிரை செய்து தலையில் தூக்கி வந்தாள்.

ஊருக்கு எங்கே தெரிகிறது?

"ஏலேய், அங்காயி காத்தைத் தூக்கிட்டு வாரா!"

"பாத்துடி, கழுத்து சுளுக்கிக்கப் போகுது!"

வேளார் மட்டும் சிரிக்கவில்லை. "குதிரை எங்க தாயி?"

"கையைக் குடுங்க பெரியப்பா."

அவர் விரலைப் பிடித்து மையில் தோய்த்தாள். இடது கண்ணை எழுதவைத்தாள். வலது கண்ணை எழுதவைத்தாள்.

குதிரை கனைத்தது! அந்த நொடியே ஊர்க்கண்ணும் திறந்தது. குளத்திலே பை, மரத்திலே பை, மாட்டின் வாயிலே பை. குதிரையின் நெற்றியிலேயோ, ராஜா முத்திரையோடு அல்வாப் பை!

ராஜாவுக்கு முகம் செத்துப்போச்சு. "சோலையப்பா, தலைகுனிய வேண்டியவன் நான்தான்" என்று தலைப்பாகையை அவிழ்த்து வைத்துவிட்டு, முதல் ஆளாகக் குளத்தில் இறங்கினார். ஊரே இறங்கி அள்ளியது. சோலையப்பன் ஒரே முங்குதான், மடை திறந்து தண்ணீர் குதித்தோடியது.

"புதுசு வந்திருக்கு, இன்னும் தாரேன்!" என்று மந்திரவாதி மறுபடி வந்து மூட்டையை நீட்டினான். ஒரு கைகூட நீளவில்லை. குதிரை பின்னங்காலைத் தூக்கியதும், மூட்டையைப் போட்டுவிட்டு ஓடியே போனான்.

"எல்லாம் சரி அங்காயி, குதிரைக்கு வாலைக் காணோமே?" என்றார் வேளார்.

அங்காயி அந்த மந்திர மூட்டையை எடுத்தாள். கீற்றுக் கீற்றாகக் கிழித்தாள். சடை பின்னுகிற மாதிரி பின்னி, குதிரைக்கு வாலாகக் கட்டிவிட்டாள்.