பைத்தியமா என்ற கேள்வி

தொட்டப்ப நாயக்கரின் பாளையத்தில் வைத்தியர் ஆதிகேசவப் பண்டிதர் யாரைப் பைத்தியம் என்று சொன்னாலும், அவர்களைக் கோட்டைக் கொட்டடியில் சங்கிலி போட்டுக் கட்டிவிடுவார்கள். உள்ளே போனவர்கள் திரும்பி வந்ததே இல்லை. ஒருநாள், குதிரை லாயத்துக்குப் புல் சுமக்கும் அங்காயியைப் பிடித்து நாயக்கரின் சபைக்குக் கொண்டு வந்தார்கள். அம்மை கண்டு இறந்துபோன மகளோடு பேசிக்கொண்டே அவள் புல் அறுத்தாளாம்.

கொட்டடியில் யாரோ அலறுவது சபை வரைக்கும் கேட்டது.

"உனக்குப் பைத்தியமா?" என்று உறுமினார் பண்டிதர்.

"இல்லைங்க சாமி."

"பார்த்தீர்களா மகாராஜா! எந்தப் பைத்தியமும் தன்னைப் பைத்தியம் என்று ஒப்புக்கொள்ளாது. இல்லை என்றாளே, அதுவே அத்தாட்சி. ஆமாம் என்றிருந்தாலோ, பேச்சே இல்லை."

சேவகன் சங்கிலியை எடுத்தான். அங்காயி கும்பிட்டபடியே சொன்னாள்: "பண்டிதர் சாமி சொன்னா சரியாத்தான் இருக்கும் மகாராசா. என்னைக் கட்டிப் போடுங்க. அதுக்கு முன்னாடி அதே கேள்வியை அவங்ககிட்டயும் ஒரு தடவை கேட்டுடுங்க."

நாயக்கருக்கு அது விளையாட்டாகப் பட்டது. "பண்டிதரே, உமக்குப் பைத்தியமா?"

"யாருக்கு, எனக்கா? இல்லவே இல்லை!" என்று கத்தினார் பண்டிதர். கத்திய பிறகுதான், சேவகன் சங்கிலியோடு தன் பக்கம் திரும்பியதைப் பார்த்தார்.

நாயக்கர் கொட்டடிக் கதவைத் திறந்து உள்ளே இருந்தவர்களை விடச் சொல்லிவிட்டு அங்காயியிடம் மெதுவாகக் கேட்டார்: "உன் மகள் பதில் பேசுகிறாளா?"

"பேசினா நான் ஏன் மகாராசா அழுவறேன்?"