பிச்சம்மாவோட ரெண்டாவது சாபம்

ஒரு ஊர்ல, கருவேலங்குளம்னு வச்சுக்கோங்களேன், வெயிலுகந்தாள்னு ஒருத்தி இருந்தாளாம். அம்புட்டு நீளப் பேரை யாரு கூப்பிடுறது, ஊருக்கே அவ வெயிலுதான். புருஷன் போய்ச் சேர்ந்து ரொம்ப வருஷம். ஒரே மக, கனின்னு பேரு. ஊர்ல சடங்குன்னா வெயிலு சுட்ட அதிரசம், வளைகாப்புன்னா வெயிலு சுட்ட அதிரசம், கல்யாணம்னா கேக்கவே வேண்டாம். அதுலதான் ஆத்தாளும் மகளும் பொழைச்சாங்க.

அவளுக்கு ஒரு மாமியா இருந்தா, பிச்சம்மா. எண்பத்தோரு வயசு வரைக்கும் இருந்து, கடைசி மூணு வருஷம் படுத்த படுக்கையா கிடந்து, வெயிலு ஊட்டிவிட்டா சாப்பிட்டு, வெயிலு குளிப்பாட்டினா குளிச்சு, ஒருநாள் காலையில ஒரு தம்ளர் காப்பி கேட்டு வாங்கி, சீனி பத்தலைன்னு சொல்லிட்டுச் செத்துப்போனா. அவ்வளவுதான். அந்தம்மாவுக்கு இந்த உலகத்து மேல இருந்த கடைசிக் குறை சீனி பத்தாததுதான். ஊரே வந்து தூக்கிப் போட்டுச்சு, பதினாறுக்கு ஊரே வந்து உக்காந்து சாப்பிட்டுச்சு. இதை மறந்துறாதீங்க, ஏன்னா ஊரு மறந்துருச்சு.

அப்புறம் என்னாச்சு, குபேந்திரன்னு ஒரு சினிமா டைரக்டர் பேய்ப்படம் எடுக்க வந்தான். வெயிலு வீட்டுப் பின்னால பாசி பிடிச்ச கிணறு ஒண்ணு இருக்கு, அதைப் பார்த்ததும் அவனுக்கு வாயெல்லாம் பல்லு. இந்த வீட்ல யாராச்சும் செத்திருக்காங்களான்னு கேட்டான். எங்க அத்தை செத்தாங்கன்னா வெயிலு. எப்படின்னு ஆசையா கேட்டான். காப்பி குடிச்சிட்டுன்னு சொன்னா. பாவம், அவன் மூஞ்சி அப்படியே தொங்கிப்போச்சு. ஆனா பிச்சம்மாங்கிற பேரு மட்டும் அவனுக்குப் பிடிச்சுப்போச்சு.

வெயிலு வீட்டையும் கிணத்தையும் கேட்டு வாங்கி அங்கயே எடுத்த படம் வந்துச்சு. அதுல பிச்சம்மாவுக்கு இருபது வயசு. வெள்ளைச் சேலை கட்டி, தலைய விரிச்சுப்போட்டு, பண்ணையார் தள்ளிவிட்டுக் கிணத்துல விழுந்து, கிணத்துல இருந்து ஏறி வந்து, மூணு பேரை மூணு விதமா கொன்னு, கடைசியில ஜோதியாகி வானத்துல போயிட்டா. ஏலே, காலை ஏன் உள்ள இழுத்துக்கிற, கதையில இன்னும் பேயே வரலை. வெயிலும் போய் அந்தப் படத்தைப் பார்த்துச் சிரிச்சிட்டுத்தான் வந்தா. எங்க அத்தை ஆயுசுக்கும் முடிச்ச கொண்டைய அவுத்ததில்லை, இந்தப் பிள்ளை எந்நேரமும் விரிச்சுப்போட்டு நிக்குதேன்னு மககிட்ட சொல்லிச் சிரிச்சா.

படம் நல்லா ஓடிருச்சு. நல்லா ஓடின படத்தைச் சும்மா விட்டுருவாங்களா? ரெண்டாம் பாகம் எடுக்கணும்னான் குபேந்திரன். ஆனா பேய்தான் வானத்துக்குப் போயிருச்சே, அதை எப்படி இறக்குறது? மூணு நாளா லாட்ஜ்ல ரூம் போட்டு யோசிச்சாங்க. முத நாள் பிரியாணி தின்னு யோசிச்சாங்க. ரெண்டாம் நாள் பரோட்டா தின்னு யோசிச்சாங்க. மூணாம் நாள் வயித்தாலே போயி, ஒண்ணும் தின்னாம யோசிச்சாங்க, அப்பதான் புத்தி வந்துச்சு. சீப்புல பிச்சம்மாவோட தலைமுடி ஒண்ணு மாட்டிக்கிட்டு இருந்துச்சாம், அதைப் பிடிச்சுக்கிட்டு அவ திரும்ப இறங்கி வந்துட்டாளாம். எதுக்குத் திரும்ப வர்றா? அவளைக் கிணத்துல தள்ளினது பண்ணையார் இல்லையாம், மருமகளாம்.

இருபது வயசுல செத்தவளுக்கு மருமக எப்படி வந்தான்னு கேக்கியா? நீ கேக்குற. கருவேலங்குளத்துல ஒருத்தர் கேக்கலை.

வீட்டை மறுபடியும் குடுன்னு வெயிலுகிட்ட கேட்டான். கனிக்குப் பக்கத்து ஊரு மைக்செட்காரப் பையனைப் பேசி, பூ வச்சாச்சு, கல்யாண வீட்ல இதெல்லாம் வேண்டாம்னு அவ சொல்லிட்டா. சரின்னு போனவன் வேற எங்கயோ கிணறு மாதிரி அட்டையில செஞ்சு எடுத்துக்கிட்டான். போனவன் சும்மா போகலை. டிவிக்காரங்க முன்னால உக்காந்து ஒரு பேட்டி குடுத்தான். இது கதையில்லை, நடந்தது, பிச்சம்மா நிஜமாவே கருவேலங்குளத்துல இருந்தவங்க, எப்படிச் செத்தாங்கங்கிறது அந்த வீட்டு மருமகளுக்குத்தான் தெரியும்னான். ரெண்டாம் பாகம் எடுக்கும்போது அவங்க சாபம் எங்க மேல இறங்கிருச்சுன்னான். கேமரா தானா நின்னுச்சாம், லைட்டு தானா வெடிச்சுச்சாம், ஹீரோயினு தானா படுத்துட்டாளாம். பேட்டரியில சார்ஜ் இல்லை, லைட்டு மட்டமான லைட்டு, அந்தப் பிள்ளை முந்தாநாளு வச்ச மீன்குழம்பைச் சாப்பிட்டுச்சு. அதையெல்லாம் பேட்டியில சொல்லுவானா?

அப்புறம் ஊரு என்ன செஞ்சுச்சு? பாடை தூக்கின ஊரு, பதினாறுல பாயசம் ரெண்டாந்தரம் கேட்டு வாங்கின ஊரு, ஒரு பேட்டியப் பார்த்துட்டு வெயிலு வீட்டு வாசல்ல நடக்காம சுத்திப்போக ஆரம்பிச்சுது. முதல்ல வளைகாப்பு அதிரசத்தை வேண்டாம்னாங்க. அடுத்தது சடங்கு அதிரசத்தை வேண்டாம்னாங்க. கடைசியில மாப்பிள்ளையோட அம்மா ஆள்விட்டு, கல்யாணத்தைக் கொஞ்ச நாள் தள்ளிப்போடுவோம், எதுக்கும் அந்தப் படம் வந்துறட்டும்னு சொல்லி அனுப்பினா. அதாவது சம்பந்தியம்மா கொலைகாரியா இல்லையான்னு தியேட்டர்ல போய்ப் பார்த்துத் தெரிஞ்சுக்கலாம்னு.

கனி அழலை. பாத்திரத்தை மட்டும் பட்டுபட்டுனு வச்சா. வெயிலுக்குத்தான் தாங்கலை. அதிரசம் போனதைவிட, கல்யாணம் தள்ளினதைவிட, மூணு வருஷமா தன் கையால ஊட்டி வளர்த்த பிள்ளை மாதிரி வச்சிருந்த மாமியாளை நாக்கைத் தள்ளிக்கிட்டு வர்ற பேயாக்கி, அதுக்குத் தன்னையே காரணமாவும் ஆக்கிட்டானேன்னு நெஞ்சு எரிஞ்சுது.

குபேந்திரனைப் பார்க்கப் போனா. முதத் தடவை போனப்ப, இது கலை, உங்களுக்குப் புரியாதுன்னான். ரெண்டாம் தடவை போனப்ப, படம் ஓடுச்சுன்னா உங்க வீட்டைப் பார்க்கவே ஊரு ஊரா ஆளு வரும், நீங்கதான் எனக்கு நன்றி சொல்லணும்னான். அது பொய்னு ஒரு வார்த்தை சொல்லிருங்க தம்பின்னு மூணாந்தடவை போய் நின்னா. அவன் யோசிச்சான். பிறகு ரொம்பப் பெரிய மனசு பண்ணி, டவுன் தியேட்டர்ல முத நாள் காலைக் காட்சிக்கு வாங்கக்கா, டிவிக்காரங்க வருவாங்க, மைக்கு முன்னால நின்னு கொஞ்சம் அழுதீங்கன்னா போதும், ஒரு நல்ல சேலை எடுத்துத் தர்றேன்னான்.

வெயிலு அவனை ஒருதரம் ஏற இறங்கப் பார்த்தா. வர்றேன்னா. சேலை வேண்டாம், என்கிட்ட இருக்குன்னா.

படம் வர்ற அன்னிக்குக் காலையில தியேட்டர் வாசல்ல திருவிழாக் கூட்டம். கட்டவுட்டுல பிச்சம்மா பல்லைக் காட்டிக்கிட்டு நிக்குறா. குபேந்திரன் வெயிலைக் கையப் பிடிச்சுக் கூட்டிவந்து மைக்கு முன்னால நிப்பாட்டினான். இவங்கதான் அந்த மருமகள்னான். கூட்டம் முண்டியடிச்சு முன்னால வந்துச்சு.

வெயிலு அழலை. சந்தையில பேசுற மாதிரி நிதானமா பேசினா.

"சாபம்னு தம்பி சொன்னது அம்புட்டும் நெசம். எங்க அத்தை வந்தாங்க. நேத்து எங்கிட்ட பேசினாங்க. என் மேல அவங்களுக்குக் கோவம் இல்லை. தன் பேரை எவன் விக்கிறானோ அவனையும், அதை டிக்கெட் எடுத்து வாங்குறவங்களையும் மூணு நாளைக்குள்ள வந்து பார்த்துக்கிறேன்னு சொன்னாங்க. நான் சொல்ல வேண்டியதைச் சொல்லிட்டேன்."

சொல்லிட்டு இறங்கி, பஸ் ஏறி வீட்டுக்கு வந்துட்டா.

கூட்டத்துல ஒருத்திக்கு அடுப்புல பால் வச்சது ஞாபகம் வந்துச்சு. ஒருத்தனுக்கு மாட்டுக்குத் தண்ணி காட்டாதது ஞாபகம் வந்துச்சு. ஒருத்தருக்கு ஒண்ணும் ஞாபகம் வரலை, ஆனாலும் போயிட்டாரு. பேய்ன்னு சொன்னா ரசிக்க வர்ற கூட்டம், பேய் நம்ம வீட்டுக்கு வரும்னா ரசிக்குமா? முத நாள் பதினோரு பேரு உக்காந்திருந்தாங்க, அதுல பாதிப்பேரு ஏசிக்காக வந்தவங்க. ரெண்டாம் நாள் ரெண்டு பேரு. மூணாம் நாள் டிக்கெட் கிழிக்கிறவரே லீவு போட்டுட்டாரு.

இதுல பெரிய கூத்து என்னன்னா, குபேந்திரனுக்கே பயம் வந்துருச்சு. தான் கட்டின கதைதான்னு அவனுக்குத் தெரியும். தெரிஞ்சு என்ன, அவ சொன்ன நிதானம் அப்படி. லாட்ஜ்ல வாங்கி வச்ச பால் திரிஞ்சுபோச்சு. மாசி வெயில்ல பால் திரியாம என்ன செய்யும்? ஆனா அவன் கட்டில் மேல ஏறி உக்காந்துட்டான். பாத்ரூம்ல வாளி நிறைய தண்ணி கிடந்துச்சு, அது கிணறு மாதிரி தெரிஞ்சுதாம், மூணு நாளா குளிக்கலை. பேயைவிட அவன் நாத்தம்தான் லாட்ஜ்ல எல்லாரையும் விரட்டுச்சு.

மூணாம் நாள் மத்தியானம் வெயிலு வீட்டுக்கு ஓடி வந்தான். அவ வாசல்ல அரிசி புடைச்சுக்கிட்டு இருந்தா.

"அக்கா, நெசமாவே வந்தாங்களா?" மெதுவாக் கேட்டான்.

வெயிலுக்குச் சிரிப்பு வந்துச்சு, முறத்தைத் தூக்கி மூஞ்சிய மறைச்சுக்கிட்டா.

"வந்தாங்க தம்பி. உங்களைப் பத்தித்தான் விசாரிச்சாங்க. எந்த லாட்ஜ்னு கேட்டாங்க."

அவன் அப்படியே தரையில உக்காந்துட்டான். அத்தை மன்னிச்சுட்டாங்கன்னு ஊருக்குச் சொல்லிருங்கக்கான்னான். அது என்னால ஆகாது, அத்தை மனசை அத்தைதான் சொல்லணும்னா. பேய் வேற ஊருக்குப் போயிருச்சுன்னாவது சொல்லுங்கன்னான். அது பொய்யாகும், பொய் சொல்றது பாவம்னா. அப்ப நான் என்னதான் செய்யுறதுன்னு கேட்டான். நடந்தது என்னமோ அதைச் சொல்லு, முதல்ல பொய் சொன்ன இடத்துல நின்னு சொல்லுன்னா.

போனான். டிவிக்காரங்க முன்னால உக்காந்தான். பிச்சம்மா காப்பி குடிச்சிட்டு வீட்டுக் கட்டில்ல செத்தவங்க, மருமக அவங்களைப் பிள்ளை மாதிரி பார்த்துக்கிட்டா, கிணத்துல யாரும் யாரையும் தள்ளலைன்னு சொன்னான். பேட்டரியையும் சொன்னான், மட்ட லைட்டையும் சொன்னான், மீன்குழம்பையும் சொன்னான். பேயே கிடையாது, சாபமே கிடையாது, இனி எல்லாரும் தைரியமா படத்துக்கு வரலாம்னு கும்பிட்டான்.

எல்லாருக்கும் தைரியம் வந்துருச்சு. பேயும் இல்லை, சாபமும் இல்லைன்னா அந்தப் படத்துல வேற என்ன இருக்கு, ஒத்த தலைமுடியத்தானே ரெண்டரை மணி நேரம் காட்டுறான்னு ஒருத்தரும் போகலை. பேய் இருக்குன்னப்பவும் போகலை, இல்லைன்னப்பவும் போகலை. மூணாம் பாகத்துக்கு எழுதி வச்சிருந்ததை அவனே கிழிச்சுப் போட்டுட்டான். அதுக்கப்புறம் அவன்கிட்ட யாரும் படம் எடுக்கக் குடுக்கலை.

மாப்பிள்ளையோட அம்மா பூவும் பழமுமா சிரிச்சுக்கிட்டே வந்தா. எனக்கு அப்பவே தெரியும், நான் நம்பலைன்னா. வெயிலு வாய் திறக்குறதுக்குள்ள கனி உள்ள போயி, அதிரசத் தட்டைக் கொண்டாந்து வாசல்ல வச்சா. வாசல்லயே உக்காந்து, தெருவே பார்க்க நாலு தின்னுங்க அத்தை, அப்புறம் கல்யாணத்தைப் பேசலாம்னா. அந்தம்மா தெருவை ஒருதரம் பார்த்தா, தட்டை ஒருதரம் பார்த்தா, கனி மூஞ்சியப் பார்த்தா. தின்னா. நாலும் தின்னா. சுத்திப்போன ஊரு ஒவ்வொருத்தரா வந்து எனக்கு ஒண்ணு, எனக்கு ஒண்ணுன்னு கை நீட்டுச்சு.

எல்லாரும் போன பிறகு வெயிலு மாமியா போட்டோ முன்னால விளக்கேத்தி வச்சா. உங்க பேரைச் சொல்லி நானும் ஒரு பொய் சொல்லிட்டேன் அத்தை, மன்னிச்சுக்கோங்கன்னு சொல்லிக் கும்பிட்டா. பேய் வந்துச்சான்னு கேக்கியா? எங்க வந்துச்சு. செத்தவங்களைப் பத்திப் பொய் சொன்னா, கேக்குறதுக்குச் செத்தவங்க வரமாட்டாங்க. அவங்களுக்குச் சோறு ஊட்டினவங்க வருவாங்க.

அவங்க அவங்க வீட்ல அதிரசம் தின்னு நல்லா இருந்தாங்க, நாம நம்ம வீட்ல பாய விரிச்சுப் படுப்போம். கண்ணை மூடுங்க.