மூன்று ரைபிளும் கொம்பையா ஏட்டும்

"மூணுல எத எடுக்கணும் மேடம்? நீங்களே ஒரு வார்த்த சொல்லிருங்க. எனக்கு மண்ட காஞ்சு போச்சு."

கேட்டவர் கொம்பையா ஏட்டு. மலையடிவாரத்து ஆயுதப்படையில் துப்பாக்கி சுடும் அணிக்காரர். தலை பாதி நரைத்துவிட்டது, வாய் மட்டும் இன்னும் இளசு.

கேள்வி போன இடம் இன்ஸ்பெக்டர் ஜெபராணி. அணிக்குப் பயிற்சி கொடுப்பவர். ஏட்டையாவைவிடப் பத்து வயது சின்னவர். ஒரு சொல் போதும் என்றால் இரண்டாவது சொல் அவர் வாயிலிருந்து வராது.

"உங்களுக்கு எது தோணுது ஏட்டையா?"

"தோணுனா நான் ஏன் மேடம் ஒங்கள்ட்ட வாரேன்?"

அதுவும் நியாயம்தான்.

இத்தனை வருஷமாக ஏட்டையா சுட்டது பழைய ரைபிள். ஒரு குண்டு போனால், கையால் இழுத்துத் தள்ளித்தான் அடுத்ததை ஏற்ற வேண்டும். இந்த வருஷம் முந்நூறு மீட்டர் போட்டிக்கு செமி ஆட்டோமேட்டிக் வந்திறங்கிவிட்டது. ட்ரிக்கரை அமுக்கினால் ஒரு குண்டு போகும். அடுத்தது தானாக ஏறி உட்கார்ந்துகொள்ளும். கன்னத்தை எடுக்க வேண்டாம், கையை எடுக்க வேண்டாம், ராஜ சொகுசு.

சொகுசு வந்த நாளிலிருந்து, பயிற்சிக்குக் கைமாற்றாக எந்த ரைபிளைக் கொடுத்தாலும், ஏட்டையாவின் குண்டெல்லாம் இலக்கு அட்டையின் கறுப்பு வட்டத்துக்குக் கீழேயே போய் விழுந்தது.

அந்தப் படையில் ஒரு வழக்கம். ஒரு ரைபிளை எடுத்தால் சீசன் முடிகிறவரை அதுதான். மாற்றித் தா என்ற பேச்சே கிடையாது. அதனால் ஏட்டையா பெண் பார்க்கப் போனவர் மாதிரி, மற்றவர்கள் எடுத்ததுபோக மிச்சமிருந்த மூன்று ரைபிளையும் தூக்கிப் பார்த்தார், தடவிப் பார்த்தார், குழலுக்குள் கண்ணை வைத்துப் பார்த்தார். எதிரே வந்தவனையெல்லாம் நிறுத்தி யோசனை கேட்டார். ஒருத்தன் நீளக் குழல்தான் நல்லது என்றான். ஒருத்தன் கனம் கம்மியாக இருக்கணும் என்றான். மெஸ் சமையல்காரர்கூட ஒரு கருத்து வைத்திருந்தார், கேட்டுக்கொள்ளுங்கள்!

"இன்னிக்கு அஞ்சு மணிக்குள்ள ஆபீசுக்குச் சொல்லணும்," என்றார் ஜெபராணி. "நீங்க எடுக்கலன்னா ஒங்க எடம் வேற ஆளுக்கு."

"எனக்கு?"

"மெயின் கேட் சென்ட்ரி."

சுடுவதைத் தவிர ஏட்டையாவுக்கு வேறு பெருமை கிடையாது. மாமியார் வீட்டில்கூட அவருக்கு 'சுடுத மாப்பிள்ள' என்றுதான் பேர். கேட்டில் நின்று வருகிற ஜீப்புக்கெல்லாம் கம்பத்தைத் தூக்கிவிட்டுக்கொண்டிருந்தால் அந்த வீட்டுக்கு எந்த முகத்தோடு போவார்?

"மூணையும் சுட்டுப் பாத்துருவோம் மேடம்."

"படுங்க. நான் லோட் பண்ணித் தாரேன்."

"நானே பண்ணுவனே."

"இன்னிக்கு நான்."

ஏட்டையா சாக்கை விரித்துக் குப்புறப் படுத்தார். ஜெபராணி பின்னால் மேசையில் நின்று குண்டு போட்டார். ஆர்மரர் தவசி, ஆயுத அறைச் சாவிக்கொத்தை இடுப்பில் செருகிக்கொண்டு, வேடிக்கை பார்த்தார்.

முதல் ரைபிள். ஐந்து குண்டு. தூரத்தில் இலக்கு அட்டைக்கு அடியில் பள்ளத்தில் இருந்தவன் கம்பை நீட்டி, குண்டு பட்ட இடத்தைக் காட்டினான். எல்லாம் கீழே.

"ட்ரிக்கரு கல்லு மாதிரி கெடக்கு மேடம். இது ஆவாது."

"சரி."

இரண்டாவது. ஐந்தும் கீழே. ஒன்று அட்டைக்கு முன்னால் இருந்த மண்மேட்டிலேயே புழுதி கிளப்பியது.

"கொழலு கனம். மூக்கு சாயுது பாத்தீங்களா?"

"பாத்தேன்."

மூன்றாவது கைக்கு வந்ததும் ஏட்டையாவின் முகம் மலர்ந்துவிட்டது.

"ஆகா! இதாம்லா நம்ம ஆளு. புடிச்ச ஒடனே தெரியுதே. இதுல மட்டும் கீழ போச்சுன்னா என் மீசைய எடுத்துருதேன் மேடம்."

"சுடுங்க," என்றார் ஜெபராணி.

ஏட்டையா கன்னத்தை ஒட்டினார். மூச்சை இழுத்து, பாதி விட்டு, நிறுத்தினார். கறுப்பு வட்டம் குழல் நுனியில் இருந்த குறிமுள்ளின் மேல் அழகாக வந்து உட்கார்ந்தது. ட்ரிக்கரை அமுக்கினார்.

டக்.

வெடி இல்லை, தோளில் உதை இல்லை. ஆனால் குழல் மட்டும் விருட்டென்று கீழே குனிந்தது. வராத உதைக்கு முந்திக்கொண்டு தோள் முன்னால் பாய்ந்து நின்றது. எப்போது மூடினோம் என்று தெரியாமலே மூடியிருந்த கண்ணை ஏட்டையா திறந்தார். குறிமுள்ளுக்கு நேராக வட்டத்தைக் காணோம். பத்தடி தள்ளி முளைத்திருந்த கோரைப்புல் தெரிந்தது.

"என்ன மேடம் இது?"

"டம்மி குண்டு. வெடிக்காது."

"இந்த ரைபிளு..." என்று ஆரம்பித்தார்.

படுத்தபடியே வலது தோளைத் தொட்டுப் பார்த்தார். பழைய ரைபிளை இழுத்துத் தள்ளும்போதெல்லாம் தளர்ந்துகொண்ட தோள், இப்போது அடுத்த உதைக்குக் காத்து இன்னும் இறுகித்தான் கிடந்தது. வெட்கம் பிடுங்கித் தின்றது அவரை. ஊரெல்லாம் யோசனை கேட்டாரே, மெஸ் சமையல்காரர் வரைக்கும்!

தவசி சிரிப்பை அடக்க முடியாமல் இருமுவது மாதிரி பாவனை செய்தார். ஜெபராணி திரும்பி ஒரு பார்வை பார்த்தார். இருமல் நின்றுவிட்டது.

வெயில் முதுகில் ஏறியது. பள்ளத்தில் இருந்தவன், அடுத்த குண்டைக் காணோமே என்று விசிலடித்துப் பார்த்தான். ஏட்டையா எழுந்திருக்கவில்லை.

"மேடம்."

"ம்."

"இன்னொரு தரம் லோட் பண்ணுங்க."

"எந்த ரைபிள?"

"எதையாவது பண்ணுங்க. உள்ள இருக்கது நெசக் குண்டா, டம்மியான்னு மட்டும் எனக்குச் சொல்லாதீங்க."

ஜெபராணி மேசையில் கைக்கு எட்டிய ரைபிளை எடுத்தார். பிறகு தவசியிடம் சொன்னார்:

"மத்த ரெண்டையும் கொண்டு போய்ப் பூட்டிருங்க. ஏட்டையா எடுத்துட்டாரு."